ஜே. சி. டேனியலின் திரைவாழ்வும் தமிழ்த் திரை வரலாற்றின் எல்லைகளும்

ஆய்வுச்சுருக்கம்

அகத்தீசுவரத்தைச் சேர்ந்த ஜே. சி. டேனியல் 'விகதகுமாரன்' என்னும் மௌனப்படத்தைத் தயாரித்து இயக்கியவர். மலையாளத் திரையின் தந்தை எனப் பின்னாளில் போற்றப்பட்டவர். தம் முதுமையில் நலிந்த கலைஞருக்கான ஓய்வூதியம் தமிழ்நாட்டுக்காரர் என்ற காரணத்தால் மறுக்கப்பட்டவர். தமிழ்த் திரை வரலாறுகளோ அவரைப் பெரும்பாலும் எடுத்துரைப்பதில்லை. அவருடைய தொழில்வாழ்வைத் தென்திருவிதாங்கூர், திருநெல்வேலிச் சீமை, இலங்கை ஆகிய நிலப்பரப்புகளின் தொடர்பில் வைத்து இக்கட்டுரை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: மௌனப்படம், விகதகுமாரன், டேனியல், ரோசி, திருவிதாங்கூர், மொழிவழி மாநிலம்.

முன்னுரை

தமிழ்த் திரைப்பட வரலாற்றை எழுதுவோர் வழக்கமாகக் கொள்ளும் வரிசை ஒன்றுண்டு. 1905-இல் திருச்சிராப்பள்ளித் தொடர்வண்டி அலுவலகப் பணியை விட்டுப் படக்கருவியுடன் ஊர் ஊராகச் சென்ற சாமிக்கண்ணு வின்சென்ட், 1914-இல் சென்னையில் கெயிட்டி அரங்கைக் கட்டிய இரகுபதி வெங்கையா, 'கீசகவதம்' எடுத்த ஆர். நடராஜ முதலியார், 'ஜெனரல் பிக்சர்ஸ் கார்ப்பரேஷன்' நிறுவிய ஏ. நாராயணன், பம்பாயிலிருந்து திரும்பிய ராஜா சாண்டோ என அவ்வரிசை 1931-இல் 'காளிதாஸ்' வரை செல்லும். இவ்வரிசையில் வெங்கையா தெலுங்கர். ஆயினும் அவரை நாம் விலக்குவதில்லை. சென்னையில் தொழில் செய்தார் என்பதே அவரைச் சேர்த்துக்கொள்ளப் போதிய காரணமாகிறது. அவ்வாறாயின், இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்தைச் சேர்ந்து, தம் இறுதிக்காலத்தையும் அங்கேயே கழித்த ஒருவர் இவ்வரிசையில் ஏன் இடம்பெறவில்லை என்னும் வினா இயல்பாக எழுகிறது. 'அவர் எடுத்தது மலையாளப்படம்' என்பது உடனடியாகக் கிடைக்கும் விடை. பேச்சே இல்லாத படம் ஒன்று எவ்வாறு மலையாளப்படம் ஆகும் என்ற அடுத்த வினாவை அவ்விடை தாங்காது.

அகத்தீசுவரத்திலிருந்து பட்டம் வரை

ஜோசப் செல்லையா டேனியல் வசதி படைத்த நாடார் கிறித்தவக் குடும்பத்தினர். தந்தை மருத்துவர். பிறந்த ஆண்டு 1893 என்றும் 1900 என்றும் இருவகையாக நூல்களில் பதிவாகியுள்ளது. இளமையில் அவரைக் கவர்ந்தது திரைப்படம் அன்று, களரிப்பயிற்று. வாட்போர்க் கலை குறித்து ஆங்கிலத்தில் நூலொன்றும் எழுதினார். அக்கலையை உலகறியச் செய்ய ஏற்ற கருவி எது எனத் தேடியபோதே திரைப்படம் அவர் கண்ணில் பட்டது என்று அவர் வரலாற்றை எழுதியோர் கூறுவர். இக்கூற்று நம்பத் தக்கதே. நடராஜ முதலியார் மிதிவண்டி, மோட்டார் வணிகத்திலிருந்தும், ராஜா சாண்டோ உடற்பயிற்சிக் கலையிலிருந்தும் திரைக்கு வந்தனர். நாடக மேடையைச் சாராமல் வேறு துறைகளிலிருந்து வந்தோரின் பங்கு மௌனப்படக் காலத்தில் பெரிது. பாட்டும் வசனமும் தேவையற்ற அக்கலையில் உடலும் இயந்திரமும் அறிந்தவர்க்கு இடமிருந்தது. பேசும்படம் வந்தபின் இவ்விடத்தை நாடகக் குழுவினர் கைப்பற்றியது தனிக்கதை.

தொழில் கற்கச் சென்னைக்குச் சென்ற டேனியலுக்கு அங்கிருந்த படப்பிடிப்பு நிலையங்கள் வாயில் திறக்கவில்லை. பம்பாயில், மாணவர்க்குத் திரைப்படம் பற்றிக் கற்பிக்க விரும்பும் ஆசிரியர் எனத் தம்மை அறிமுகம் செய்துகொண்டு உள்ளே நுழைந்து கண்டறிந்தார் என்பது பரவலாக வழங்கும் செய்தி. திரைத்தொழிலுக்குக் கல்வி நிறுவனம் எதுவும் இல்லாத காலம் அது. நடராஜ முதலியாரும் ஸ்டுவர்ட் ஸ்மித் என்னும் ஆங்கில ஒளிப்பதிவாளரை அண்டியே தொழில் பழகினார். பார்த்துத் திருடிக் கற்பதே அன்றைய பாடத்திட்டம்.

அகத்தீசுவரத்தில் தமக்கிருந்த ஏறத்தாழ நூறு ஏக்கர் நிலத்தை நான்கு இலட்சம் ரூபாய்க்கு விற்று, திருவனந்தபுரத்தில் பட்டம் என்னுமிடத்தில் 'திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்' நிறுவனத்தை டேனியல் தொடங்கினார் என்பர். இத்தொகையைச் சற்று எச்சரிக்கையுடன் கொள்ளுதல் வேண்டும். 'கீசகவதம்' ஏறத்தாழ 35,000 ரூபாயில் முடிந்ததாகக் குறிப்புகள் உள்ளன. அதனோடு ஒப்பிட நான்கு இலட்சம் என்பது பத்து மடங்குக்கும் மேல். எனவே இதனை ஒரு படத்தின் செலவாகக் கொள்ளாமல், இடம், கட்டடம், படக்கருவி, பதிவுக்கூடம் அனைத்துக்குமான முதலீடாகவே கொள்ளவியலும். எண்ணில் மிகை இருப்பினும் செய்தியின் சாரம் மாறாது. வணிகர் இலாபத்தை முதலீடு செய்தனர்; டேனியல் பூர்வீக நிலத்தை முதலீடு செய்தார். இலாபம் மீண்டும் வரும். விற்ற நிலம் மீளாது. அவர் பின்னாளைய வறுமைக்கு இவ்வேறுபாடு பெருங்காரணம் எனலாம்.

புராணம் அல்லாத கதை

'விகதகுமாரன்' என்னும் தொடர் காணாமற்போன மகனைக் குறிக்கும். கதைச்சுருக்கம் வருமாறு: திருவிதாங்கூர்ச் செல்வர் ஒருவரின் மகன் சந்திரகுமார் சிறுவயதில் கடத்தப்பட்டு இலங்கைக்குக் கொண்டுசெல்லப்படுகிறான். அங்குத் தோட்டத் தொழிலாளியாக வளர்ந்து, வெள்ளைக்காரத் தோட்ட உரிமையாளரின் அன்பைப் பெற்று மேற்பார்வையாளனாக உயர்கிறான். உறவினனாகிய ஜெயச்சந்திரன் இலங்கைக்கு வந்து கைப்பொருள் இழந்து அவனோடு நட்புக் கொள்கிறான். இருவரும் ஊர் திரும்புகின்றனர். உடலில் உள்ள தழும்பால் சந்திரகுமார் யாரென்பது வெளிப்படுகிறது.

தழும்பால் அடையாளம் அறியும் உத்தி நாட்டார் கதைகளிலும் நாடகங்களிலும் பழகிய ஒன்று. அதில் புதுமை இல்லை. புதுமை களத்தில் உள்ளது. 1913-இல் பால்கேயின் 'ராஜா அரிச்சந்திரா' தொடங்கித் தென்னகத்தில் எடுக்கப்பட்ட மௌனப்படங்களுள் பெரும்பாலானவை புராண, இதிகாசக் கதைகளே. நடராஜ முதலியாரின் படங்கள் கீசகன், திரௌபதி, இலவகுசர், மார்க்கண்டேயர் எனச் சென்றன. இரகுபதி பிரகாஷ் 1921-இல் எடுத்ததும் 'பீஷ்ம பிரதிக்ஞை'. இதற்கு வலுவான காரணம் உண்டு. பார்வையாளருள் பெரும்பாலோர் எழுத்தறியாதவர். படத்திடையே காட்டப்படும் எழுத்தட்டைகளை அரங்கில் ஒருவர் உரக்கப் படித்துக் காட்டுவார். அது செவியில் விழாதவரும் திரௌபதியையும் கண்ணனையும் கண்டவுடன் கதையைப் பற்றிக்கொள்வர். பெரிய எழுத்துக் கதைப் புத்தகத்தைத் திண்ணையில் ஒருவர் படிக்கப் பலர் கேட்டிருந்த பழக்கத்தின் தொடர்ச்சியே இது. கேட்கும் கதை முன்பே தெரிந்த கதையாக இருத்தல் அவ்வாசிப்பின் அடிப்படை. டேனியல் தெரியாத கதையைத் தெரிந்த நிலத்தில் வைத்தார். வணிக நோக்கில் இது துணிவு மட்டுமன்று, இடர் நிறைந்த தேர்வும் ஆகும்.

அந்நிலம் இலங்கை என்பதே தமிழ் ஆய்வாளர் நின்று நோக்க வேண்டிய இடம். இதுவரை வந்த எழுத்துகள் இலங்கையைக் கதைத் திருப்பத்துக்கான தொலைநாடாக மட்டுமே கண்டு கடந்துவிட்டன. தென்திருவிதாங்கூருக்கும் திருநெல்வேலிச் சீமைக்கும் இலங்கை தொலைநாடு அன்று. 1876-இல் மதுரையையும் தூத்துக்குடியையும் இணைத்த இருப்புப்பாதை கோவில்பட்டி, கடம்பூர், மணியாச்சி எனக் கரிசல் நிலத்தை ஊடறுத்துச் செல்கிறது. மழை பொய்த்த ஆண்டுகளில் மானாவாரி நிலத்தை நம்பியிருந்தோர் கங்காணிகளிடம் முன்பணம் பெற்று அப்பாதையில் சென்று, தூத்துக்குடியில் கொழும்புக்குக் கப்பலேறினர். கரிசல் ஊர்களில் 'கண்டிச்சீமை' என்ற சொல்லைக் கேட்டறியாத முதியோர் அரியர். சென்றவன் திரும்பாமையும், பல்லாண்டுக்குப்பின் அடையாளம் தெரியாமல் திரும்புதலும் இப்பகுதிக் குடும்பங்களில் நிகழ்ந்தவை. ஆகவே 'காணாமற்போன மகன்' என்பது இம்மக்களுக்குப் புனைவு மட்டுமாக இருந்திருக்க இயலாது.

டேனியல் இத்துயரை முழுதும் எடுத்தாண்டார் என்று கூறுவதும் மிகையே. கதையில் தோட்டத்துக்குச் செல்பவன் செல்வரின் மகன். அவன் கடத்தப்படுகிறான், கடன்பட்டுச் செல்லவில்லை. வெள்ளைக்கார உரிமையாளர் அன்பு காட்டுகிறார். கங்காணி முறை, கடன் சீட்டு, கொள்ளைநோய் ஆகியவற்றுக்குக் கதைச்சுருக்கத்தில் இடமில்லை. புதுமைப்பித்தனின் 'துன்பக்கேணி'யை இதனருகே வைத்து நோக்குவார்க்கு இவ்விடைவெளி நன்கு புலப்படும். ஆயினும் தென்னகத் திரைக்கதை தேயிலைத் தோட்டத்துக்குச் சென்ற தொடக்ககால நிகழ்வு என்னும் சிறப்பு 'விகதகுமார'னுக்கு உண்டு.

ரோசி

கதைத்தலைவி சரோஜினி நாயர் குலப் பெண். அப்பாத்திரத்தை ஏற்றவர் பி. கே. ரோசி, புலையர் சமூகத்தில் பிறந்த உழைப்பாளிப் பெண். பம்பாயிலிருந்து நடிகை ஒருவரை வரவழைக்க முயன்று அது கைகூடாத நிலையில் டேனியல் இவரைத் தெரிவு செய்தார். ரோசி காக்காரிசி நாடகத்தில் பயின்றவர் என்பது பதிவாகியுள்ளது. சிவனும் பார்வதியும் குறவர் வடிவில் பூமிக்கு வருவதாக அமையும் இக்கூத்தில் தமிழும் மலையாளமும் விரவி வரும். தென்திருவிதாங்கூரின் மொழிநிலையை இதைவிடத் தெளிவாகக் காட்டும் சான்று வேறில்லை. அங்கே எது தமிழ், எது மலையாளம் என்று கோடு கிழித்துக் கூத்தாடியவர் எவருமில்லை.

திருவனந்தபுரம் கேபிடல் அரங்கில் படம் திரையிடப்பட்டபோது நிகழ்ந்தவை இன்று பலரும் அறிந்தவை. தலைவியாக நடித்த ரோசி அரங்கினுள் அமர்ந்து பார்க்க இயலவில்லை. நாயர் பெண்ணாகப் புலையர் பெண் தோன்றியதைப் பொறாத கூட்டத்தினர் திரையின்மீது கல்லெறிந்தனர். ரோசியின் குடிசை தாக்கப்பட்டது. அவர் ஊரைவிட்டு ஓடித் தமிழகப் பகுதிக்கு வந்து, நாகர்கோவிலில் வேறு பெயருடன், தாம் நடித்ததை வெளியிற் கூறாமல் வாழ்ந்தார்.

இதனைத் தனியொரு கலவரமாகக் காண்பதைவிடத் திருவிதாங்கூரின் உடை வரலாற்றோடு இணைத்துக் காணுதல் பொருந்தும். இதே நாட்டில்தான் நாடார் பெண்கள் மார்பை மறைத்து மேலாடை அணியும் உரிமைக்காகப் பல்லாண்டு அடிபட்டு, 1859-இல் அரசாணையின்வழி அதனை ஓரளவு பெற்றனர். அச்சமூகத்தில் தோன்றிய ஒருவர், தமக்கும் கீழாக வைக்கப்பட்ட சமூகத்துப் பெண் ஒருவருக்கு உயர்சாதிப் பெண்ணின் உடையை அணிவித்துத் திரையில் நிறுத்தினார். நாடகமாயின் திரை விழுந்தவுடன் வேடம் கலையும். திரைப்படமோ ஒவ்வொரு காட்சியிலும் அவ்வேடத்தை அழியாமல் காட்டும். அண்மைக்காட்சியில் முகத்தைப் பெரிதாக்கியும் காட்டும். கல் திரைமீது விழுந்ததன் பொருள் இதுவே. வைக்கம் போராட்டம் 1924-25-இல் நடந்து முடிந்திருந்தது. கோயில் நுழைவு அறிக்கை 1936-இல்தான் வந்தது. இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட காலத்தில், யார் எங்கே நுழையலாம் என்ற வழக்கு திரையரங்கின் வாயிலிலும் நடந்தது.

டேனியல் இவ்விளைவை எதிர்நோக்கிச் சாதி எதிர்ப்பாகவே இதனைச் செய்தாரா என்று கேட்போர் உளர். நடிகை கிடைக்காமையே முதற்காரணம் என்பதை மேலே கண்டோம். நோக்கம் எதுவாயினும், விலை கொடுத்தவர்களுள் ரோசி கொடுத்ததே பெரிது. டேனியலுக்குப் பின்னாளில் பெயரேனும் மீண்டது. ரோசிக்கு அதுவும் மிகத் தாமதமாகவே கிடைத்தது. சென்னையில் நீலம் பண்பாட்டு மையம் அவர் பெயரில் திரைவிழா நடத்திவருவது, அவர் அடைக்கலம் புகுந்த நிலம் அவரை நினைவுகூரும் செயலாக அமைகிறது.

1928, 1930

படம் வெளியான நாள் 1928 நவம்பர் 7 என நெடுங்காலம் எழுதப்பட்டது. பின்வந்த ஆய்வாளர் சிலர் 1930 அக்டோபர் 23 என்பர். ஈராண்டு வேறுபாடு சிறிதெனத் தோன்றினும், தோல்வியின் காரணத்தை நாம் எவ்வாறு விளக்குகிறோம் என்பது அதனைப் பொறுத்தே அமைகிறது. 1928 எனக் கொண்டால், தென்னகத்தில் மௌனப்படத் தொழில் பெருகவிருந்த வேளையில் டேனியல் வீழ்ந்தார். வீழ்த்தியது கல்லெறிந்த கூட்டமே என்று முடிக்கவேண்டிவரும். 1930 எனக் கொண்டால் நிலை வேறு. 1931 மார்ச்சில் 'ஆலம் ஆரா' வந்தது. அதே ஆண்டு அக்டோபரில் 'காளிதாஸ்' வந்தது. ஓராண்டுக்குள் மௌனப்படத்தின் சந்தையே சரியத் தொடங்கியது. முதற்படத்தில் இழந்ததை இரண்டாவது படத்தில் ஈட்டும் வாய்ப்பு, சாதி வெறி இல்லாதிருப்பினும், அவருக்கு அரிதாகவே இருந்திருக்கும். மேலும், ராஜா சாண்டோ சென்னையில் சமூகக் கதைகளைப் படமாக்கத் தொடங்கியதும் 1930-ஐ ஒட்டியே. அவ்வகையில் டேனியலைத் தனித்தவர் என்று கொள்ளாமல், புராணத்திலிருந்து விலகத் தொடங்கிய ஒரு தலைமுறையின் தென்கோடி உறுப்பினர் என்று கொள்ளலாம். இரண்டாவது விளக்கமே இக்கட்டுரையாளருக்கு உடன்பாடு. 'முதல்' என்னும் பட்டத்தை அது சற்று மங்கச் செய்யினும், அவரை அவர் காலத்தவரோடு சேர்த்து நிறுத்துகிறது.

பல்மருத்துவர்

நிலையம் மூடப்பட்டது, கருவிகள் விற்கப்பட்டன. டேனியல் பல்மருத்துவம் கற்றுத் தமிழக ஊர்களில் தொழில் செய்து வாழ்ந்தார். நடிகர் பி. யு. சின்னப்பாவின் தொடர்பால் மீண்டும் திரைமுயற்சியில் இறங்கிச் சேமித்ததையும் இழந்தார் என்பர். பின் அகத்தீசுவரத்துக்கே திரும்பினார். 1975-இல் அங்கே மறைந்தார்.

அவரை மறதியிலிருந்து மீட்டவர் செலங்காட்டு கோபாலகிருஷ்ணன் என்னும் மலையாள இதழாளர். முதுமையில் நோயுற்றிருந்த டேனியலைக் கண்டு அவர் எழுதியவையே இன்று நமக்குள்ள செய்திகளுக்கு அடிப்படை. அவர் முயற்சியால் கேரள அரசிடம் நலிந்த கலைஞருக்கான ஓய்வூதியம் கோரப்பட்டபோது, டேனியல் தமிழ்நாட்டைச் சார்ந்தவர் என்னும் காரணம் கூறி அது மறுக்கப்பட்டது. பிறந்தபோது அவர் ஊர் திருவிதாங்கூரில் இருந்தது. படம் எடுத்தபோதும் திருவிதாங்கூரிலேயே இருந்தது. 1956 நவம்பர் 1-இல் அகத்தீசுவரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு ஆகிய வட்டங்கள் சென்னை மாநிலத்தோடு இணைந்தன. டேனியல் வீட்டைவிட்டு ஓரடியும் எடுத்துவைக்காமலே வேறு மாநிலத்தவர் ஆனார். இணைப்புக்காகத் தென்குமரித் தமிழர் உயிர் கொடுத்துப் போராடியதை நாம் அறிவோம். அப்போராட்டத்தின் நியாயத்தில் இக்கட்டுரையாளருக்கு ஐயமில்லை. வரைந்த கோட்டின் நிழலில் ஒரு முதியவரின் மருந்துச் செலவு விழுந்ததென்பதையும் அத்துடன் சேர்த்தே எழுதுதல் வேண்டும்.

1992-இல் கேரள அரசு திரைத்துறை வாழ்நாள் சாதனைக்கான தன் உயரிய விருதுக்கு ஜே. சி. டேனியல் பெயரைச் சூட்டியது. 2013-இல் கமலின் இயக்கத்தில் 'செல்லுலாய்டு' என்னும் மலையாளப்படம் அவர் வாழ்வைச் சித்திரித்தது. ஓய்வூதியத்துக்குத் தமிழராக இருந்தவர் விருதுக்கு மலையாளத் திரையின் தந்தையானார். இதில் கேரளத்தை மட்டும் குறைகூறுதல் முறையன்று. தமிழ்நாட்டிலும் அவரைத் தம்மவர் என்று கொண்டாட எவரும் முன்வரவில்லை.

மொழியில்லாப் படமும் மொழிவழி வரலாறும்

'கீசகவத'த்தின் எழுத்தட்டைகள் ஆங்கிலம், தமிழ், இந்தி ஆகியவற்றில் அமைந்தன. படம் பர்மாவிலும் இலங்கையிலும் சிங்கப்பூரிலும் ஓடியது. அட்டையை மாற்றினால் படம் எம்மொழியாருக்கும் உரியதாகும் என்பதே மௌனப்படத்தின் வணிக அடிப்படை. மொழிவழித் திரை வரலாறு பேசும்படத்துக்குப் பின் தோன்றி, பின்னோக்கிச் சென்று மௌனப்படங்களைப் பங்கிட்டுக்கொண்டது. அப்பங்கீட்டில் சென்னையில் எடுக்கப்பட்டவை தமிழாயின. திருவனந்தபுரத்தில் எடுக்கப்பட்டது மலையாளமாயிற்று. இவ்வளவுகோலைப் பேசும்படத்துக்கும் பயன்படுத்தினால் விளைவு நகைப்புக்குரியதாகும். மலையாளத்தின் முதற் பேசும்படமாகிய 'பாலன்' 1938-இல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரித்தது. இடத்தைக் கொண்டு அதனைத் தமிழ்ப்படம் என்போர் எவருமிலர்.

டேனியலின் படச்சுருள் இன்று இல்லை. ஒப்பிட்டு நோக்கக் கிடைப்பது அவர் உறவினர் நாகர்கோவில் ஆர். சுந்தர்ராஜ் தயாரித்து, பி. வி. ராவ் இயக்கி, 1933-இல் வெளிவந்த 'மார்த்தாண்ட வர்மா' ஒன்றே. சி. வி. இராமன்பிள்ளையின் புதினத்தைத் தழுவிய அப்படத்தின்மீது பதிப்பாளர் உரிமை வழக்குத் தொடுத்தனர். சுருள் கைப்பற்றப்பட்டுப் பதிப்பகத்தில் நெடுங்காலம் கிடந்தது. வெற்றிகரமாக ஓடிய படங்களின் சுருள்கள் தேய்ந்தும் எரிந்தும் அழிய, வழக்கில் சிக்கியது 1974-இல் புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தை அடைந்து பிழைத்தது. அப்படத்தின் அரங்க அமைப்பையும் நடிப்பு முறையையும் காட்சிவாரியாக ஆராய்ந்தால், அக்காலத் தென்திருவிதாங்கூர்த் திரைமுயற்சிகளின் தொழில்நிலையை ஓரளவு உய்த்துணரலாம். அவ்வாய்வைச் செய்வோர் தமிழும் மலையாளமும் ஒருங்கறிந்தவராதல் வேண்டும். நாகர்கோவில், திருவனந்தபுரம் ஆகிய ஊர்களின் இதழ்களிலும் அரங்க விளம்பரத் தாள்களிலும், தூத்துக்குடி, திருநெல்வேலி ஆகிய ஊர்களில் அக்காலத்தே சுற்றிவந்த கூடாரக் கொட்டகைகள் பற்றிய குறிப்புகளிலும் 'விகதகுமாரன்' என்னும் பெயரைத் தேடுவது அதன் முதற்பணியாக அமையும்.